எல்லாமே ஆமிதானா? வன்னியில் இயங்கிய விசேட படைகளும் அவற்றின் அடையாளங்களும்

மல்லாவியில் உயர்தரம் படிக்கும் ஒரு தம்பி கேட்டிருக்கிறார்: "கொமாண்டோ, விசேட படையணி, எல்.ஆர்.ஆர்.பி., எஸ்.ரி.எப். எல்லாம் ஒன்றா, வேறு வேறா? தொப்பி, சின்னம் எப்படி இருக்கும்? வன்னியில் யார் என்ன செய்தார்கள்? வீட்டில் கேட்டால் 'எல்லாம் ஆமிதான்' என்கிறார்கள். யூரியூப்பில் பார்த்தால் எல்லாரும் வீரர்கள்தான்."

தம்பி, முதலில் நேரான பதில். கொமாண்டோவும் விசேட படையணியும் இலங்கைத் தரைப்படைக்குள் இருக்கும் இரண்டு தனித்தனி றெஜிமென்ற்கள். எஸ்.ரி.எப்., அதாவது விசேட அதிரடிப்படை, தரைப்படையே இல்லை, அது பொலிஸ். எல்.ஆர்.ஆர்.பி. என்பது ஒரு றெஜிமென்றின் பெயரும் இல்லை, அது ஒரு வேலை. நாங்கள் ஆழ ஊடுருவும் படை என்று சொன்னோமே, அந்த வேலையை முக்கியமாக விசேட படையணியின் ஆட்களும், கொமாண்டோக்களில் ஒரு பகுதியினரும் செய்தார்கள்.

வீட்டில் "எல்லாம் ஆமிதான்" என்று சொல்வதில் பிழை பிடிக்க மாட்டேன். ஷெல் விழும்போது யாரும் தோள்பட்டையைப் பார்ப்பதில்லை. ஆனால் நான் வவுனியாவில் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் குடும்பங்களுக்கு மனு எழுதிக் கொடுக்கிறவன். அந்த வேலையில் இந்தக் கேள்விக்குப் பெரிய பெறுமதி இருக்கிறது. "ஆமி கொண்டுபோனது" என்று எழுதினால் பதில் சொல்ல ஒருவரும் இல்லை. இன்ன இடத்தில், இன்ன நாளில், இன்ன டிவிசன், அதாவது இன்ன பெரும் படைப்பிரிவு, என்று எழுதினால் பதில் சொல்ல வேண்டிய ஓர் அதிகாரி இருக்கிறார். அதனால்தான் உங்கள் கேள்விக்கு இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

கொமாண்டோவில் தொடங்குகிறேன். 1970களின் கடைசியில் உலகெங்கும் விமானக் கடத்தல்கள் நடந்துகொண்டிருந்தன. அப்படி ஒன்று இங்கே நடந்தால் பணயக் கைதிகளை மீட்க ஆள் வேண்டும் என்றுதான் ஒரு சிறு குழுவுக்குப் பயிற்சி கொடுக்கத் தொடங்கினார்கள். 1980 டிசம்பர் 4ஆம் திகதி அது கொமாண்டோ றெஜிமென்ற் ஆனது. தலைமையகம் கம்பஹா மாவட்டத்துக் கனேமுல்லையில் இருக்கிறது. பயிற்சிப் பாடசாலை ஊவா குடாஓயாவில். பிரித்தானியாவின் எஸ்.ஏ.எஸ். படையைச் சேர்ந்தவர்களின் கை ஆரம்பப் பயிற்சியில் இருந்தது. கொமாண்டோவின் தொப்பி மெரூன் நிறம். உலகத்தில் பரசூட் படைகள் பலவற்றுக்கும் அதே நிறம்தான், அந்த மரபில் வந்தது. "முடியாதது எதுவும் இல்லை" என்பது அவர்களின் வாசகம்.

விசேட படையணி ஐந்து வருடம் இளையது, பிறந்த காரணமும் வேறு. 1985இல், வடக்கு கிழக்குக் காடுகளில் போராளிக் குழுக்களைத் தேடிப் போன காலாட்படை தடம் தெரியாமல் திண்டாடிய நேரம், இரண்டு அதிகாரிகளும் 38 சிப்பாய்களுமாக ஒரு தடம் பார்க்கும் குழுவை அமைத்தார்கள். காட்டில் காலடியைப் பார்த்து ஆளைப் பின்தொடர்வதுதான் அதன் வேலை. 1988 டிசம்பரில் அது றெஜிமென்ற் ஆகிச் சீதுவையில் தளம் போட்டது. மாதுறு ஓயாவில் பயிற்சிப் பாடசாலை. கறுப்புத் தொப்பி, கழுகுச் சின்னம். "உறுதி கொண்டோம், துணிந்தோம், முடித்தோம்" என்ற பொருள்படும் ஆங்கில வாசகம். மோட்டார் சைக்கிளில் வேகமாகப் போய் அடிக்கும் அணியும் இவர்களுடையதுதான். வெற்றி அணிவகுப்பு வீடியோக்களில் பார்த்திருப்பீர்கள்.

ஒன்றைக் கவனியுங்கள். கறுப்புத் தொப்பி கண்டவுடன் விசேட படையணி என்று முடிவெடுக்கக் கூடாது. கவசப் படையும், அதாவது யுத்த தாங்கி ஓட்டுகிறவர்களும், கறுப்புத் தொப்பிதான் போடுகிறார்கள். தொப்பியில் குத்தியிருக்கும் சின்னத்தையும் தோளில் வளைவாகத் தைத்த பெயர்ப் பட்டையையும் பார்த்தால்தான் ஆள் யார் என்று தெரியும். இன்னொன்று, சண்டைக்கு வருகிறவன் இந்தத் தொப்பியோடு வருவதில்லை. இரும்புத் தொப்பி, காட்டுத் தொப்பி, தலையில் கட்டிய துணி, இவற்றில் ஏதாவது ஒன்றோடுதான் வருவான். பெரே தொப்பி முகாமுக்கும் விழாவுக்கும் உரியது. ஆகவே 2009இல் மாத்தளனிலோ வட்டுவாகலிலோ நின்ற ஒருவர் "மெரூன் தொப்பி காணவில்லை, அதனால் கொமாண்டோ இல்லை" என்று சொன்னால் அதை ஆதாரமாக எடுக்க முடியாது.

எஸ்.ரி.எப். பற்றிச் சுருக்கமாக. 1980களின் நடுப்பகுதியில், கே.எம்.எஸ். என்ற பிரித்தானியக் கூலிப்படை நிறுவனத்தின் பயிற்சியோடு உருவான பொலிஸ் அதிரடிப்படை அது. களுத்துறை கட்டுக்குறுந்தையில் அவர்களின் பயிற்சித் தளம். கிழக்கு மாகாணத்துச் சனத்துக்குத்தான் அவர்களோடு நீண்ட, கசப்பான பழக்கம். பச்சையில் கிடையாக வரி ஓடும் சீருடை, அதைத் தூரத்தில் கண்டாலே தெரியும். இன்று வன்னியில் மணல், மரம், கஞ்சா என்று ரோந்து வரும்போது நீங்கள் காண்பது இவர்களைத்தான். கடற்படைக்கு 1993இல் தொடங்கிய விசேட படகு அணி ஒன்று இருக்கிறது. அது முல்லைத்தீவுக் கடலோடு சம்பந்தப்பட்டது, இங்கே அதை விரிக்கவில்லை.

சரி, வன்னிக்கு வருவோம்.

இந்தப் படைகள் வன்னியில் பெரிதாகப் பேசப்பட்ட முதல் இடங்களில் ஒன்று முல்லைத்தீவு. 1996 ஜூலை 18 அதிகாலை, புலிகள் ஓயாத அலைகள் என்று பெயரிட்டு முல்லைத்தீவுத் தளத்தைத் தாக்கினார்கள். கடல் ஒருபுறம், நந்திக்கடல் ஒருபுறம், நடுவில் ஒடுங்கிய நிலத்தில் இருந்த தளம் அது. உள்ளே இருந்தவர்களை மீட்க, விசேட படையணியை ஹெலியில் கொண்டுவந்து தெற்கே அளம்பில் பக்கம் இறக்கினார்கள். அவர்களை நடத்திவந்தவர் லெப்டினன்ட் கேணல் பஸ்லி லாபிர், 1ஆவது விசேட படையணியின் கட்டளை அதிகாரி. 19ஆம் திகதி சண்டையில் அவர் கொல்லப்பட்டார். தளம் முழுதாக விழுந்தது. ஆயிரத்து இருநூறுக்கும் மேற்பட்ட படையினர் இறந்தார்கள். பிறகு லாபிருக்குப் பரம வீர விபூசணம், அதாவது நாட்டின் அதியுயர் படை விருது, கொடுக்கப்பட்டது. தமிழர் பக்கத்தில் அந்தச் சண்டை வெற்றியாக மட்டும்தான் நினைவில் இருக்கிறது. எதிரில் செத்தவர்களுக்கும் வீடு வாசல் இருந்தது என்பதைச் சொல்ல நான் தயங்குவதில்லை. லாபிர் ஒரு முஸ்லிம் அதிகாரி என்பதும் பலருக்குத் தெரியாது.

அதற்குப் பிறகு ஜெயசிக்குறு. 1997 மே 13இல் தொடங்கி, வவுனியாவில் இருந்து ஏ-9 வழியே மேலே ஏறப் பார்த்த நடவடிக்கை. ஓமந்தை, புளியங்குளம், மாங்குளம் என்று ஒவ்வொரு சந்திக்கும் மாதக்கணக்கில் சண்டை. தாக்குதலுக்கென்றே வளர்த்த 53ஆவது டிவிசன் அப்போது முன்னணியில் நின்றது, கொமாண்டோவும் விசேட படையணியும் கூடவே வந்தன. காட்டுக்குள் மறைந்து போய்த் தகவல் எடுக்கப் பழக்கிய ஆட்களை நேருக்கு நேர் காவலரண் உடைக்க விட்டதால் அவர்களில் பலர் வீணாகச் செத்தார்கள் என்பது என் கணிப்பு. 1998 டிசம்பரில் நடவடிக்கையை நிறுத்தினார்கள். 1999 நவம்பரில், ஒட்டுசுட்டானில் தொடங்கிய ஓயாத அலைகள் மூன்றில், இரண்டு வருடம் பிடித்த நிலமெல்லாம் சில நாட்களில் கைமாறியது.

இந்தத் தோல்வியில் இருந்துதான் ஆழ ஊடுருவும் அணிகளின் முக்கியம் கூடியது. நேராக வர முடியாவிட்டால் ஊருக்குள் இறங்கி அடிப்பது என்று முடிவெடுத்தார்கள். வன்னிச் சனத்தின் வாழ்க்கையை ஆழமாகத் தொட்ட விசேட படை இதுதான், கொஞ்சம் நின்று எழுதுகிறேன்.

ஆறு, எட்டுப் பேர். சில வேளை அதைவிடக் கொஞ்சம் கூட. வவுனியா, மணலாறு, மன்னார் எல்லைகளில் எங்காவது ஓர் இடத்தால் உள்ளே இறங்குவார்கள். பாலையும் வீரையும் முதிரையும் நிற்கும் அடர்காடு எங்கள் வன்னியின் நடுவே இருக்கிறது. ஊர்கள் குளங்களை ஒட்டி அங்கொன்றும் இங்கொன்றுமாக இருப்பதால் வீதிக்கு வீதி காட்டைக் கடந்துதான் போக வேண்டும். அந்த அமைப்பு ஒளிந்து வருகிறவனுக்கு வாய்ப்பு. பகலில் அசையாமல் கிடந்து இரவில் நடப்பார்கள். சாப்பாட்டை முதுகில் கொண்டுவருவார்கள். வீதியோரத்தில் கிளைமோரைப் பொருத்தி, குறித்த வாகனம் வரும் வரை காத்திருப்பார்கள். பெரும்பாலும் புலிகளின் வரிச் சீருடையையே போட்டிருப்பார்கள். இரண்டு பக்கமும் ரி-56 துவக்குத்தான் பாவித்தது என்பதால் தூரத்தில் கண்டவருக்கு வித்தியாசம் தெரியாது. தொப்பியும் சின்னமும் பற்றிக் கேட்டீர்கள் அல்லவா? வன்னியில் சனம் மிகவும் பயந்த படைக்குச் சின்னமே இருக்கவில்லை. எதிரியின் உடுப்பில் வந்து, ஒரு தடயமும் விடாமல் போவதுதான் அதன் முறை. சிங்களப் பக்கத்தில் இவர்களை மகாசோன் படை என்று அழைத்தார்கள். மகாசோன் சிங்கள நாட்டார் நம்பிக்கையில் சுடுகாட்டுப் பேய்.

கிளைமோர் என்ன செய்யும் என்று தெரிந்தால்தான் அந்தக் காலத்துப் பயம் விளங்கும். அமெரிக்கர் செய்த மூல வடிவத்தில், வளைந்த சிறு பெட்டிக்குள் முக்கால் கிலோவுக்குச் சற்றுக் குறைவான வெடிமருந்தும் அதன் முன்னால் ஏறக்குறைய 700 உருக்குக் குண்டுகளும் இருக்கும். வெடித்தால் குண்டுகள் எல்லாம் ஒரே பக்கமாக, 60 பாகை விரிவில் பறக்கும். 50 மீற்றருக்குள் நிற்கிறவர் தப்புவது அரிது. மிதிவெடிக்குக் கால் படவேண்டும், கிளைமோருக்கு ஒன்றும் வேண்டாம், பற்றைக்குள் இருப்பவன் அழுத்தினால் போதும். அதாவது அங்கே ஒருவன் இருந்து, வருகிற வாகனத்தைப் பார்த்துத்தான் வெடிக்க வைக்கிறான். இந்த விசயத்தை மறக்க வேண்டாம், கீழே வரும்.

2001 செப்ரெம்பர் 26ஆம் திகதி ஒட்டுசுட்டான் பக்கம் புலிகளின் வான்படையை உருவாக்கிய கேணல் சங்கர் இப்படித்தான் கொல்லப்பட்டார். அதுவரை "வன்னிக்குள் அவர்கள் வர ஏலாது" என்றிருந்த நம்பிக்கை அன்றோடு போனது. பிறகு தலைவர்களின் வாகனங்கள் பாதை மாற்றி ஓடின, வீதிகளில் காலையில் ஆள் விட்டுச் சோதித்த பிறகே போக்குவரத்து என்றானது. காட்டுக்கு விறகுக்கும் தேனுக்கும் வேட்டைக்கும் போகிறவர்கள்பாடு இரண்டு பக்கத்தாலும் திண்டாட்டம். ஊடுருவி வந்தவர்கள் கண்ணில் பட்டால், "இவன் எங்களைக் காட்டிக்கொடுப்பான்" என்று அவர்கள் பயப்படுவார்கள். போராளிகள் கண்ணில் பட்டால் "அங்கே ஏன் போனாய், யாரைக் கண்டாய்" என்று விசாரணை.

இதற்குள் நடந்த இன்னொரு விசயம், 2002 ஜனவரி 2ஆம் திகதி. கொழும்புக்குக் கிட்ட அத்துருகிரியவில், மில்லேனியம் சிற்றி வீட்டுத் தொகுதியில் ஒரு வீட்டைப் பொலிசார் சோதித்தார்கள். உள்ளே கிளைமோரும் புலிச் சீருடைகளும் இருந்தன. அது இந்த ஆழ ஊடுருவும் அணியின் இரகசிய வீடு. பொலிசுக்கும் படைக்கும் நடுவே பெரிய சர்ச்சை ஆனது, அங்கே பிடிபட்ட விபரங்கள் வெளியில் போனதால் படைக்கு உதவிய பலர் பிறகு புலிகளால் கொல்லப்பட்டார்கள். "அப்படி ஒரு படை எங்களிடம் இல்லை" என்று சொல்லிக்கொண்டிருந்த அரசு, அதன் சாமான்களைத் தன் பொலிஸ் கையாலேயே வெளியே எடுத்துப் போட்ட நாள் அது. அடுத்த மாதம் 22ஆம் திகதி போர்நிறுத்தம் வந்தது.

போர் திரும்பியபோது கிளைமோரும் திரும்பியது. 2008 ஜனவரி 5ஆம் திகதி மன்னார்ப் பக்கம் பள்ளமடுவில் புலிகளின் புலனாய்வுத் தலைவர்களில் ஒருவரான சார்ள்ஸ் கொல்லப்பட்டார். இதுவரை சொன்னவர்கள் ஆயுதம் தூக்கியவர்கள். ஆனால் 2007 நவம்பர் 27ஆம் திகதி ஐயன்கன்குளத்தில் சிக்கியது முதலுதவிக் குழுவில் போன பள்ளி மாணவிகள் இருந்த வாகனம். 2008 ஜனவரி 29ஆம் திகதி மடுவுக்குக் கிட்டத் தட்சணாமருதமடுவில் சிக்கியது பாடசாலைப் பிள்ளைகளோடு வந்த பஸ். அதே வருடம் ஏப்ரல் 20ஆம் திகதி மல்லாவி - வவுனிக்குளம் பக்கம் கொல்லப்பட்டவர் அருட்தந்தை கருணாரட்ணம். கிளி பாதர் என்று சனம் அன்போடு கூப்பிட்ட மனித உரிமைப் பணியாளர். உங்கள் ஊர்ப் பக்கம்தான் தம்பி, பெரியவர்களைக் கேளுங்கள், சொல்வார்கள். புலிகள் இவற்றை ஆழ ஊடுருவும் அணியின் வேலை என்றார்கள், படைத்தரப்பு மறுத்தது. இன்றுவரை ஒன்றுக்குமே ஒழுங்கான விசாரணை நடக்கவில்லை. கிளைமோரை அழுத்தியவன் வாகனத்தைக் கண்ணால் பார்த்துத்தான் அழுத்தியிருப்பான் என்று மேலே சொன்னேன். பஸ்ஸுக்குள் இருந்த பிள்ளைகளின் வெள்ளைச் சீருடை தெரியாத தூரம் அதுவல்ல.

இதே நீதி மற்றப் பக்கத்துக்கும் உண்டு. 2006 ஜூன் 15ஆம் திகதி, வவுனியா எல்லையை ஒட்டிய கெப்பித்திகொல்லாவையில் ஒரு பஸ் கிளைமோரில் சிக்கி 60க்கும் மேற்பட்ட சிங்களக் கிராமத்தவர் இறந்தார்கள், அதிலும் பிள்ளைகள் பலர். அரசு புலிகளைக் குற்றம் சாட்டியது, புலிகள் மறுத்தார்கள். மறுப்பு அறிக்கைகள் இரண்டு பக்கத்திலும் ஒரே அச்சில் வார்த்தவை. ஒரு பஸ்ஸுக்கு அழுகிறவர் மற்றப் பஸ்ஸுக்கும் அழத்தான் வேண்டும்.

புலிகளின் சிறப்புப் படையணிகளைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனால் சொல்லாமல் விட்டால் படம் முழுமையாகாது. 1991இல் தொடங்கிய சார்ள்ஸ் அன்ரனி சிறப்புப் படையணி அவர்களின் முதல் முழு அளவிலான தாக்குதல் அணி. அதன் முதல் தளபதி பால்ராஜ் கொக்குத்தொடுவாயைச் சேர்ந்தவர். கிழக்கில் இருந்து ஜெயந்தன் படையணி, பெண்களின் மாலதி, சோதியா படையணிகள், தலைமையின் பாதுகாப்போடு வளர்ந்த இம்ரான் பாண்டியன் படையணி, பிறகு கரும்புலிகள். இவர்களும் எதிரியின் நிலத்துக்குள் இறங்கி அடித்தவர்கள்தான். 2007 ஒக்ரோபர் 22ஆம் திகதி அனுராதபுரம் விமானத் தளத்துக்குள் போன 21 பேரும் கரும்புலிகள்.

புலிப் போராளிகளின் உடலில் இருந்த அடையாளம் இலக்கத் தகடு. 2023 ஜூன் கடைசியில், கொக்குத்தொடுவாயில் தண்ணீர்க் குழாய் போடத் தோண்டியபோது மனித எலும்புகள் வந்தன. நீதிமன்ற மேற்பார்வையில் நடந்த அகழ்வில் 50க்கும் மேற்பட்டவர்களின் எச்சங்கள் எடுக்கப்பட்டன. சீருடைத் துணி, பெண்களின் உள்ளாடைகள், இலக்கத் தகடுகள் எல்லாம் மண்ணுக்குள் இருந்து வந்தன. துணியும் எலும்பும் இன்னார் என்று சொல்லாது. தகட்டில் ஓர் இலக்கம் இருக்கிறது, அந்த இலக்கத்துக்கு ஒரு பெயர் இருந்தது, பெயரைத் தேடி ஒரு தாய் இருக்கிறார். இலக்கத்தையும் பெயரையும் சேர்க்கும் பதிவேடு கையில் இல்லாதபோது அந்தத் தாய் இன்னும் காத்திருக்கிறார். ஒரு சின்னம் எவ்வளவு பெறுமதியானது என்று எனக்குச் சரியாக உறைத்தது அந்த அகழ்வில்தான்.

இனிக் கடைசிப் போர். 2007-2009இல் விசேட படைகளின் பங்கு மாறியது. அவர்களின் சிறு குழு முறையைச் சாதாரணக் காலாட்படைக்கும் பழக்கினார்கள். எட்டுப் பேர் கொண்ட அணிகள் நிரையாக வராமல் காட்டுக்குள் தனித்தனியாக ஊர்ந்து வந்தன. ஒரு காலத்தில் விசேட படையணிக்கு மட்டும் தெரிந்த வித்தை ஒவ்வொரு பற்றாலியனுக்கும் போனது. புலிகளின் காவலரண் கோடு பிளந்ததற்கு விமானத்தைவிட இது பெரிய காரணம் என்று நான் நினைக்கிறேன்.

கொமாண்டோவும் விசேட படையணியும் கடினமான உடைப்புகளுக்கு வந்தார்கள். 2009 ஏப்ரல் தொடக்கத்தில், புலிகளைச் சுற்றி வளைத்து அடித்த ஆனந்தபுரம் பெட்டிச் சண்டை. ஏப்ரல் 20 விடியப்புறம் புதுமாத்தளன் மண் அணை. அந்த அணையை உடைத்து வந்தவர்களில் இந்த இரண்டு படையும் இருந்தன, 58ஆவது டிவிசனோடு சேர்ந்து. அடுத்த சில நாட்களில் ஒரு இலட்சத்துக்கும் மேற்பட்ட சனம் நீரேரியில் இறங்கி மற்றக் கரைக்குப் போனது. வன்னிச் சனத்தில் மிகப் பலர் கொமாண்டோவை வாழ்க்கையில் முதல் தடவை கிட்டத்தில் கண்டது அன்றுதான், இடுப்பளவு தண்ணீரில், தலையில் பிள்ளையோடு. சிலர் தண்ணீர் தந்த சிப்பாயைப் பற்றிச் சொல்வார்கள். சிலர் பங்கருக்குள் விழுந்த கைக்குண்டைப் பற்றிச் சொல்வார்கள். இரண்டும் உண்மையாக இருக்கலாம், ஒன்று மற்றதை அழிக்காது.

இப்போது டிவிசன் இலக்கங்கள். மனு எழுதுகிறவனுக்கு இதுதான் தொப்பி நிறத்தைவிட முக்கியம். யார் எந்தப் பாதையால் வந்தார்கள் என்று தெரிந்தால், உங்கள் ஆள் எங்கே எப்போது கடைசியாகக் காணப்பட்டார் என்பதில் இருந்து டிவிசனைக் கணிக்கலாம். 57ஆவது டிவிசன் வவுனியாவின் மேற்கால் ஏறி மடு, துணுக்காய், மல்லாவி, கொக்காவில் வழியே கிளிநொச்சிக்கு வந்தது. 58, முதலில் 1ஆவது செயலணி என்ற பெயரில், மன்னார்க் கரையால் விடத்தல்தீவு, பூநகரி என்று வந்து பரந்தனால் கிழக்கே திரும்பியது. 2009 ஜனவரி 2இல் கிளிநொச்சியைப் பிடித்தது இந்த இரண்டும்தான். 59 மணலாற்றால் வந்து ஜனவரி 25இல் முல்லைத்தீவுக்குள் நுழைந்தது. 55 யாழ்ப்பாணப் பக்கமிருந்து கிழக்குக் கரையால் இறங்கியது. 53 கடைசி நாட்களில் நந்திக்கடல் ஓரத்தில் நின்றது.

மே 18 அன்று வட்டுவாகலில் சரணடைந்தவர்களைப் பொறுப்பெடுத்தது 58 என்று குடும்பங்கள் சொல்கின்றன. அந்தச் சாட்சியத்தோடுதான் வவுனியா மேல் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுக்கள் போடப்பட்டன, முல்லைத்தீவில் விசாரணை நடந்தது. விசாரணை நடந்த நேரம் 58இன் தளபதியாக இருந்த அதிகாரி சாட்சிக் கூண்டில் ஏறி, சரணடைந்தவர்களின் பட்டியல் இருப்பதாகச் சொன்னார். கொண்டுவரச் சொன்னபோது நீதிமன்றத்துக்கு வந்தது புனர்வாழ்வு பெற்றவர்களின் பட்டியல். 2019இல் தகவல் அறியும் சட்டத்தின் கீழ் கேட்டதற்கு, இராணுவத்திடம் யாரும் சரணடையவில்லை, அரசாங்கத்திடம்தான் சரணடைந்தார்கள் என்று பதில் வந்தது. 2022 டிசம்பரில் மேல் நீதிமன்றம், திருகோணமலை அரசியல்துறைப் பொறுப்பாளராக இருந்த எழிலனை முன்னிறுத்தும்படி இராணுவத்துக்குக் கட்டளையிட்டது. அவரின் மனைவி அனந்தி சசிதரன் அத்தனை வருடமும் விடாமல் நடந்ததன் பலன் அந்தக் கட்டளை. ஆள் இன்னும் வரவில்லை. என்றாலும் "ஆமி" என்று மொத்தமாக எழுதியிருந்தால் வழக்கு அந்த இடத்துக்கே போயிருக்காது. டிவிசன் இலக்கம் இருந்ததால்தான் ஒரு தளபதி கூண்டில் ஏற வேண்டி வந்தது.

இன்றும் இந்த அறிவு தேவைப்படுகிறது. கேப்பாப்பிலவில் 2017இல் சனம் காணிக்காக வாசலில் குந்தியபோது, பிலக்குடியிருப்புக் காணி விமானப்படையிடம், மற்றக் காணி தரைப்படையிடம் இருந்தது. ஒரு மகஜரை இரண்டு வாசலுக்கும் கொடுத்துப் பயனில்லை. முகாம் வாசலில் இருக்கும் பலகை, அதன் இலக்கம், விலங்கா வாளா என்ற சின்னம், வாகனத்தின் முன்பக்கத்துத் தகடு, இவையெல்லாம் பார்த்துக் குறிக்க வேண்டியவை.

நீங்கள் உயர்தரம் படிக்கிறீர்கள், உங்களுக்கு ஒரு வேலை தருகிறேன். உங்கள் குடும்பத்திலோ அயலிலோ காணாமல் போன ஒருவருக்கு மனு இருந்தால் எடுத்து வாசியுங்கள். "ஆமி" என்று மட்டும் இருந்தால், கண்டவர்கள் உயிரோடு இருக்கும்போதே அருகில் இருந்து கேளுங்கள். என்ன நாள், எந்த இடம், பகலா இரவா, உடுப்பு வரியா புள்ளியா, தோளில் பட்டை இருந்ததா, பஸ்ஸில் ஏற்றினார்களா ட்ரக்கிலா, கூட இருந்தவர்கள் யார், தமிழ் பேசிய சிப்பாய் இருந்தானா. தெரியாததைத் தெரியாது என்றே எழுதுங்கள், ஊகத்தைக் கலக்க வேண்டாம், வழக்கில் அது பிறகு எங்களையே அடிக்கும். திகதி போட்டு, சொன்னவரின் கையெழுத்து வாங்கி, மூன்று பிரதி எடுங்கள். ஒன்றை காணாமல் போன ஆட்கள் பற்றிய அலுவலகத்துக்குப் பதிவுத் தபாலில் அனுப்பிப் பற்றுச்சீட்டை வையுங்கள். மற்றதைச் சட்டத்தரணியிடம் கொடுங்கள். மூன்றாவது வீட்டில், மழை படாத இடத்தில் இருக்கட்டும்.